மூளைக்குள் இருக்கும் உடம்பு: உணர்வு வரைபடங்கள் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

கண்ணை மூடி உட்கார்ந்திருக்கிறீர்கள். கணுக்காலில் ஒரு எறும்பு ஏறுகிறது. பார்க்காமலேயே கை நேராக அங்கே போய்த் தட்டிவிடுகிறது. எறும்பு எங்கே இருக்கிறது என்று மூளைக்கு யார் சொன்னார்கள்? மண்டை ஓட்டுக்குள் வெளிச்சமும் இல்லை, தோலும் இல்லை. வந்து சேர்வதெல்லாம் மின் துடிப்புகள்தான். காலிலிருந்து வந்தாலும் கண்ணிலிருந்து வந்தாலும் துடிப்பு ஒரே மாதிரிதான் இருக்கும். கீழே உள்ள கேள்விகள் எல்லாம் இந்த எறும்பைச் சுற்றியே வருகின்றன.

மூளையில் உடம்பின் வரைபடம் இருக்கிறது என்கிறார்களே, படம் மாதிரி ஏதாவது வரைந்திருக்கிறதா?

இல்லை. "வரைபடம்" என்ற சொல்லை இங்கே ஒரே ஒரு பொருளில்தான் எடுத்துக்கொள்ள வேண்டும்: அக்கம்பக்கம் கலையாமல் இருப்பது. தோலில் பக்கத்துப் பக்கத்தில் உள்ள இடங்களிலிருந்து கிளம்பும் நரம்பிழைகள், மூளையிலும் பக்கத்துப் பக்கத்திலேயே போய்ச் சேர்கின்றன. சுட்டுவிரலுக்கு அடுத்து நடுவிரல், அதற்கடுத்து மோதிரவிரல் என்ற வரிசை பெருமூளையின் மேலுறையான புறணியிலும் அப்படியே இருக்கிறது. தூரங்கள் மட்டும் மாறும். ஊதாத பலூனில் ஒரு முகத்தை வரைந்துவிட்டு ஊதினால், மூக்கு வீங்கும், வாய் கோணும். ஆனால் மூக்குக்குக் கீழேதான் வாய் இருக்கும். அது போலத்தான்.

இதில் பலரும் இடறுகிற இடம் ஒன்று உண்டு. வரைபடம் என்றால் அதைப் பார்க்க உள்ளே ஒரு ஆள் வேண்டாமா? வேண்டாம். ஒரு நியூரானுக்கு, அதாவது நரம்புச் செல்லுக்கு, எந்த இடத்திலிருந்து இழை வருகிறதோ, அதுதான் அந்த நியூரானின் "அர்த்தம்". கட்டைவிரலுக்கான நியூரான்களை மின்சாரத்தால் தூண்டிவிட்டால், கட்டைவிரலை யாரும் தொடாமலேயே அங்கே தொட்டது போல இருக்கும். படிப்பவர் இல்லாத வரைபடம் இது. இணைப்புதான் படம்.

இதை முதலில் கண்டுபிடித்தது யார்?

ஒரே ஆளைச் சொல்ல முடியாது. 19-ஆம் நூற்றாண்டில் லண்டன் மருத்துவர் ஜான் ஹியூலிங்ஸ் ஜாக்சன், சில நோயாளிகளுக்கு வலிப்பு ஒரு ஒழுங்கில் பரவுவதைக் கவனித்தார். விரலில் தொடங்கும், கைக்கு ஏறும், பிறகு முகத்துக்குப் போகும். மூளைக்குள் ஏதோ ஒரு வரிசைப்படி உடம்பு அடுக்கப்பட்டிருக்க வேண்டும் என்று, மூளையைத் திறக்காமலேயே ஊகித்தார். 1870-இல் பெர்லினில் ஃப்ரிட்ஷும் ஹிட்சிக்கும் நாயின் மூளையில் மின்சாரம் செலுத்தி, குறிப்பிட்ட இடத்தைத் தொட்டால் குறிப்பிட்ட தசை அசைவதைக் காட்டினார்கள்.

மனித மூளையில் இதைப் பொறுமையாகச் செய்தவர் மாண்ட்ரியல் அறுவை மருத்துவர் வைல்டர் பென்ஃபீல்ட். வலிப்பு நோய்க்காக அறுவை செய்யும்போது, எந்தப் பகுதியை வெட்டலாம், எதை வெட்டக் கூடாது என்று தெரிய வேண்டும். மூளைத் திசுவுக்கு வலி தெரியாது. அதனால் நோயாளியை விழித்த நிலையிலேயே வைத்து, தலைத்தோலை மட்டும் மரத்துப்போகச் செய்து, புறணியில் அங்கங்கே மெல்லிய மின்சாரம் கொடுத்து "என்ன தெரிகிறது?" என்று கேட்டார். "நாக்கில் கூசுகிறது", "பெருவிரல் மரத்தது போல இருக்கிறது" என்று பதில் வரும் இடத்திலெல்லாம் ஒரு எண் போட்ட சீட்டை வைத்தார். 1937-இல் எட்வின் போல்ட்ரேயுடன் சேர்ந்து அவர் வெளியிட்ட கட்டுரையில்தான், ஒவ்வொரு உறுப்பையும் அதற்கு மூளையில் உள்ள இடத்தின் அளவுக்கு வரைந்த அந்தப் புகழ்பெற்ற குட்டி மனிதன், ஹோமங்குலஸ், முதலில் தோன்றினான்.

அந்தக் குட்டி மனிதனுக்கு ஏன் அவ்வளவு பெரிய உதடும் கையும்?

மூளை இடம் ஒதுக்குவது தோலின் பரப்பளவைப் பார்த்து அல்ல, அங்கே எவ்வளவு நுணுக்கமாக உணர வேண்டியிருக்கிறது என்பதைப் பார்த்து. முழு முதுகுக்கும் ஒரு சின்ன இடம். உதட்டுக்கும் விரல் நுனிக்கும் தாராளமாக இடம்.

இதை வீட்டிலேயே பார்க்கலாம். கொண்டை ஊசியை விரித்து, இரண்டு முனைகளையும் ஒரே நேரத்தில் ஒருவர் விரல் நுனியில் மெதுவாக வையுங்கள். முனைகளுக்கு நடுவே 2, 3 மில்லிமீட்டர் இருந்தாலே இரண்டு என்று சொல்லிவிடுவார். அதையே முதுகில் வைத்தால், 4 சென்டிமீட்டர் அளவுக்கு விரித்த பிறகுதான் இரண்டு என்று தெரியும்.

ஒவ்வொரு விலங்குக்கும் அதன் பிழைப்புக்கு ஏற்ற குட்டி உருவம் உண்டு. சுண்டெலிக்கு மீசைதான் விரல். இருட்டில் மீசையை ஆட்டி ஆட்டித்தான் வழி கண்டுபிடிக்கிறது. 1970-இல் வுல்சியும் வான் டெர் லூஸும் அதன் புறணியை நுண்ணோக்கியில் பார்த்தபோது, பீப்பாய் வடிவில் நியூரான் கூட்டங்கள் வரிசை வரிசையாகத் தெரிந்தன. ஒரு மீசை முடிக்கு ஒரு பீப்பாய். முகத்தில் மீசை எப்படி வரிசை கட்டியிருக்கிறதோ, அதே வரிசை. மூளையில் படம் வரைந்திருக்கவில்லை என்று மேலே சொன்னேன் அல்லவா, இந்த எலி கிட்டத்தட்ட என்னைப் பொய்யனாக்கிவிடுகிறது.

தோலிலிருந்து மூளைக்கு அந்தச் செய்தி எந்த வழியாகப் போகிறது?

தொடு உணர்வுக்கு மூன்று நியூரான்களின் தொடர் ஓட்டம். முதல் நியூரான் தோலில் தொடங்கி, தண்டுவடத்துக்குள் நுழைந்து, எங்கும் நிற்காமல் மூளையின் அடித்தண்டான முகுளம் வரை போகிறது. கால் பெருவிரலிலிருந்து கழுத்துக்கு மேல் வரை ஒரே செல்! ஒரு மீட்டரைத் தாண்டிய நீளம். முகுளத்தில் இரண்டாவது நியூரான் செய்தியை வாங்கி, உடம்பின் நடுக்கோட்டைத் தாண்டி எதிர்ப்பக்கம் போய், மூளையின் நடுவே உள்ள தலாமஸ் என்ற நிலையத்தில் ஒப்படைக்கிறது. அங்கிருந்து மூன்றாவது நியூரான் புறணிக்குப் போகிறது. ஒவ்வொரு நிறுத்தத்திலும் அக்கம்பக்க வரிசை காப்பாற்றப்படுகிறது.

வலியும் சூடும் வேறு பாதை. அவை தண்டுவடத்துக்குள் நுழைந்த உடனேயே எதிர்ப்பக்கம் தாண்டிவிடுகின்றன. இதனால் ஒரு விசித்திரம் நடக்கும். கத்திக் குத்தில் தண்டுவடத்தின் வலது பாதி மட்டும் அறுபட்டால், அதற்குக் கீழே வலது காலில் நுண்ணிய தொடு உணர்வு போய்விடும். ஆனால் வலி போவது இடது காலில். 19-ஆம் நூற்றாண்டில் இதை விளக்கிய பிரவுன்-செக்கார் பெயரிலேயே இந்த நிலை இன்றும் அழைக்கப்படுகிறது.

அக்கி ஏன் உடம்பின் ஒரே பக்கத்தில் பட்டையாக வருகிறது?

இதுவும் வரைபட விஷயம்தான், ஆனால் மூளையில் இல்லை, தண்டுவடத்தில். தண்டுவடத்தின் ஒவ்வொரு கணுவிலிருந்தும் பக்கத்துக்கு ஒன்றாக நரம்புகள் கிளம்புகின்றன. ஒவ்வொன்றும் தோலில் ஒரு பட்டையைக் கவனித்துக்கொள்கிறது. சின்ன வயதில் வந்த சின்னம்மையின் வைரஸ், நரம்பு வேர்களுக்கு அருகே உள்ள முடிச்சுகளில் ஆண்டுக்கணக்கில் தூங்கிக் கிடந்து, ஏதாவது ஒரு முடிச்சில் விழித்துக்கொண்டால், அந்த நரம்பின் பட்டை மட்டும் கொப்பளிக்கும். பட்டை நடுக்கோட்டில் முடிவதால் அக்கியும் பொதுவாக அங்கேயே நின்றுவிடும். 1900-இல் ஹென்றி ஹெட்டும் காம்பெலும், அக்கி வந்தவர்களின் தோலையும் இறந்தவர்களின் நரம்பு முடிச்சுகளையும் ஒப்பிட்டுத்தான் இந்தப் பட்டைகளின் வரைபடத்தையே தயாரித்தார்கள். நோய் தானே படம் வரைந்து காட்டியது.

நம் ஊரில் அக்கிக்குக் காவிமண்ணால் உருவம் எழுதுவார்கள். எழுதிக்கொள்வது அவரவர் விருப்பம். ஆனால் வைரஸுக்கான மாத்திரையைக் கொப்புளம் வந்த 72 மணி நேரத்துக்குள் தொடங்குவது நல்லது. எழுதிவிட்டுக் காத்திருந்தால் அந்த நேரம் போய்விடும்.

மாரடைப்பில் இடது கை வலிப்பது ஏன்?

இதயத்திலிருந்து வரும் வலி இழைகள் தண்டுவடத்தின் மேல்மார்புப் பகுதியில் நுழைகின்றன. மார்புத் தோலிலிருந்தும் கையின் உட்பக்கத்திலிருந்தும் வரும் இழைகளும் அங்கேதான் நுழைகின்றன, பல நேரம் ஒரே நியூரானில் போய்ச் சேர்கின்றன. மேலே இருக்கும் மூளைக்குக் கையிலிருந்து செய்தி வந்து பழக்கம், இதயத்திலிருந்து வந்து பழக்கமில்லை. அதனால் பழகிய முகவரியைப் போட்டுவிடுகிறது. தாடை, முதுகு, வலது கை என்றும் முகவரி மாறி வரலாம். "நெஞ்சு வலிக்கவில்லையே" என்று வீட்டில் உட்கார்ந்திருக்க வேண்டாம்.

பார்வைக்கும் இப்படி வரைபடம் உண்டா?

உண்டு, அதுவும் மிகத் துல்லியமானது. அதைக் கண்டுபிடித்த கதை கொஞ்சம் கொடூரமானது. 1904–05 ரஷ்ய-ஜப்பானியப் போரில் ரஷ்யத் துப்பாக்கிகளின் சிறிய, வேகமான குண்டுகள் மண்டையை நேராகத் துளைத்துக்கொண்டு வெளியேறின. அடிபட்ட பலர் பிழைத்துக்கொண்டார்கள், ஆனால் பார்வையில் அங்கங்கே ஓட்டை. ஜப்பானியக் கண் மருத்துவர் தட்சுஜி இனோயே, குண்டு நுழைந்த இடத்தையும் வெளியேறிய இடத்தையும் அளந்து, நடுவே எந்த மூளைப் பகுதி சேதமானது என்று கணக்குப் போட்டார். பிறகு பார்வையில் எந்த இடம் இருண்டிருக்கிறது என்று சோதித்தார். இரண்டையும் பொருத்தி, பின்மண்டையில் உள்ள பார்வைப் புறணியின் வரைபடத்தை 1909-இல் வெளியிட்டார். ஒரு அலுவலக வேலையாகத் தொடங்கியது இது: காயமடைந்த வீரர்களுக்கு எவ்வளவு ஓய்வூதியம் கொடுக்கலாம் என்று கணக்கிடுவதற்காகத்தான் அவர் அந்தச் சோதனைகளைச் செய்துகொண்டிருந்தார்.

இங்கேயும் இட ஒதுக்கீடு சமமாக இல்லை. கையை நீட்டிக் கட்டைவிரலைப் பாருங்கள். அந்த நகத்தின் அளவுக்குத்தான் கூர்மையான பார்வை. பார்வையின் நடுப்பகுதிக்கு, அதாவது மையத்திலிருந்து சுமார் 10 டிகிரிக்குள் இருப்பதற்கு, முதன்மைப் பார்வைப் புறணியில் ஏறத்தாழ பாதி போய்விடுகிறது. விளிம்புகள் மீதியைப் பங்கிட்டுக்கொள்கின்றன.

ஒரு திருத்தம்: "இடது கண் வலது மூளைக்கு, வலது கண் இடது மூளைக்கு" என்று பள்ளியிலேயே தவறாகப் பதிந்துவிடுகிறது. பிரிவது கண்கள் அல்ல, காட்சி. இரண்டு கண்களும் பார்க்கும் இடப்பக்கக் காட்சி வலது மூளைக்குப் போகிறது, வலப்பக்கக் காட்சி இடது மூளைக்கு. இதற்காக ஒவ்வொரு கண்ணிலிருந்தும் மூக்குப் பக்கத்து இழைகள் மட்டும் நடுவில் தாண்டுகின்றன.

காதுக்கும் மூக்குக்கும்?

காதில் இடத்துக்குப் பதில் சுருதி. நத்தை ஓடு போலச் சுருண்ட காக்ளியாவின் அடிப்பகுதி கீச்சுக் குரலுக்கும், உச்சிப்பகுதி கனத்த குரலுக்கும் அதிர்கிறது. அந்த வரிசை ஹார்மோனியக் கட்டைகள் போல மூளைப் புறணி வரை தொடர்கிறது.

ஒலி எந்தத் திசையிலிருந்து வருகிறது என்பது காதில் எங்கும் எழுதியிருக்காது. இரண்டு காதுகளுக்கும் ஒலி வந்து சேரும் நேர வித்தியாசம், சத்த வித்தியாசம் இவற்றிலிருந்து மூளையே கணக்குப் போட வேண்டும். கூகையின் நடுமூளையில் இப்படிக் கணக்கிட்டு உருவாக்கிய ஒரு திசை வரைபடமே இருப்பதை 1978-இல் நட்சனும் கொனிஷியும் காட்டினார்கள்.

மூக்கு ஒத்துழைக்காத பிள்ளை. ஒரே வகை வாசனை ஏற்பிகளின் (வாசனையைப் பிடிக்கும் புரதங்களின்) இழைகள் எல்லாம் வாசனைக் குமிழில் ஒரே முடிச்சில் கூடுகின்றன, அதுவரை ஒழுங்கு உண்டு. அதற்கு மேலே, வாசனைப் புறணியில் அது சிதறிவிடுகிறது. மல்லிகைக்குப் பக்கத்தில் எந்த வாசனையை வைப்பது என்று யோசித்தால் காரணம் ஓரளவு புரியும்.

கருவில் வளரும்போது இத்தனை இழைகளும் தங்கள் இடத்தை எப்படிக் கண்டுபிடிக்கின்றன?

இந்தத் துறையிலேயே எனக்கு மிகவும் பிடித்த கேள்வி. ஒவ்வொரு கண்ணிலிருந்தும் சுமார் 10 லட்சம் இழைகள் கிளம்புகின்றன. யார் வழி காட்டுகிறார்கள்?

1940-கள் வரை செல்வாக்குடன் இருந்த கருத்து: இழைகள் எப்படியோ போய் எங்காவது இணையும், பிறகு பழக்கத்தால் சரியாகிவிடும். இதைச் சோதிக்க ரோஜர் ஸ்பெர்ரி தவளையை எடுத்துக்கொண்டார். தவளைக்குப் பார்வை நரம்பை அறுத்தாலும் மறுபடி வளரும் (நமக்கு வளராது). அவர் நரம்பை அறுத்து, கூடவே கண்ணைக் குழியிலேயே 180 டிகிரி திருப்பியும் வைத்தார். நரம்பு வளர்ந்தது, பார்வை திரும்பியது. மேலே ஈயைக் காட்டினால் தவளை கீழே பாய்ந்தது. முன்னால் காட்டினால் பின்னால் திரும்பியது. எத்தனை முறை ஏமாந்தாலும் திருத்திக்கொள்ளவே இல்லை.

இதன் பொருள் என்ன? இழைகள் கண் எப்படித் திரும்பியிருக்கிறது என்று கவலைப்படவில்லை. விழித்திரையில் தாங்கள் பிறந்த இடத்துக்கு உரிய பழைய வீட்டையே தேடிப் போயின. வீடு தவளைக்கு உதவுகிறதா என்பது அவற்றின் கவலை இல்லை. ஒவ்வொரு இழையிலும், அது சேர வேண்டிய இடத்திலும், பொருந்தும் வேதி அடையாளம் இருக்க வேண்டும் என்று 1963-இல் ஸ்பெர்ரி எழுதினார்.

சரி, 10 லட்சம் இழைக்கு 10 லட்சம் அடையாளமா? நம்மிடம் இருக்கும் புரத மரபணுக்களே சுமார் 20,000-தான். கட்டுப்படியாகாது. விடை 1995-இல் ஜெர்மனியிலும் அமெரிக்காவிலும் இரண்டு குழுக்களிடமிருந்து வந்தது: எஃப்ரின் என்ற புரதங்கள். கோழிக் குஞ்சின் கண் இழைகள் போய்ச் சேரும் நடுமூளையில் முன்பக்கம் எஃப்ரின் குறைவு, பின்னால் போகப் போக அதிகம். விழித்திரையில் அதை உணரும் ஏற்பி மூக்குப் பக்கம் குறைவு, காதுப் பக்கம் அதிகம். எஃப்ரின் இழைகளை விரட்டும். ஏற்பி அதிகமுள்ள இழைக்கு லேசான எஃப்ரினே பொறுக்காது, முன்னாலேயே நின்றுவிடும். ஏற்பி குறைந்த இழை காரத்தைத் தாங்குபவரைப் போல உள்ளே வரை போகும். படிப்படியாகக் கூடும் இரண்டே இரண்டு சரிவுகள், முழு வரிசையும் தானாக அமைந்துவிடுகிறது. இன்னொரு ஜோடிச் சரிவு மேல்-கீழ் திசையைப் பார்த்துக்கொள்கிறது.

அப்படியென்றால் அனுபவத்துக்கு வேலையே இல்லையா?

இருக்கிறது. வேதிச் சரிவு கொடுப்பது தோராயமான படம். அதைக் கூர்மையாக்குவது நியூரான்களின் துடிப்பு. கண் திறப்பதற்கு முன்பே விழித்திரையில் தானாகவே மின் அலைகள் ஓடுகின்றன. ஒன்றாகத் துடிக்கும் பக்கத்து இழைகள் ஒன்றாக நிலைக்கின்றன. பிறந்த பிறகு உண்மையான காட்சி தேவை. மூளை ஆய்வாளர்கள் ஹியூபலும் வீசலும் பூனைக்குட்டியின் ஒரு கண்ணைச் சில மாதங்கள் மூடிவைத்தபோது, திறந்த கண் மற்றதின் இடத்தையும் பிடித்துக்கொண்டது. வளர்ந்த பூனைக்கு இது நடக்கவில்லை. குழந்தையின் மாறுகண்ணுக்கும் சோம்பேறிக் கண்ணுக்கும் சீக்கிரமே கண்ணாடியும் ஒட்டுப் பட்டையும் போடச் சொல்வது இதனால்தான். "வளர்ந்தால் சரியாகிவிடும்" என்று காத்திருப்பதுதான் இதில் செய்யக்கூடிய பெரிய தவறு.

கை போனவர்களுக்கு அந்தக் கை இன்னும் வலிப்பது எப்படி? மூளை வரைபடம் மாறிவிடாதா?

இல்லாத கை இருப்பது போலவே இருக்கும், சில சமயம் இறுக மூடி வலிக்கும். அமெரிக்க உள்நாட்டுப் போரில் காயமடைந்தவர்களைப் பார்த்த வெயர் மிட்செல் இதற்கு மாய உறுப்பு என்று பெயர் வைத்தார்.

1984-இல் மைக்கேல் மெர்செனிக் குழு, குரங்கின் ஒரு விரலை அகற்றிய பிறகு அந்த விரலுக்கான இடம் பக்கத்து விரல்களுக்குப் பதில் சொல்லத் தொடங்குவதைப் பார்த்தது. 1991-இல் வெளியான ஆய்வில், கையின் நரம்புத் தொடர்பு பல ஆண்டுகளுக்கு முன் அறுந்த குரங்குகளில் கைக்கான பகுதி முழுக்க முகத்துக்குப் பதில் சொன்னது. புறணியில் கைக்குப் பக்கத்து வீடு முகம். இதைப் படித்த வி. எஸ். ராமச்சந்திரன் (தமிழ்நாட்டில் பிறந்து, சென்னை ஸ்டான்லி மருத்துவக் கல்லூரியில் படித்து, கலிஃபோர்னியா போனவர்) கை இழந்தவர்களின் கன்னத்தைப் பஞ்சுக் குச்சியால் தொட்டுப் பார்த்தார். சிலர் "கன்னத்தைத் தொடுகிறீர்கள், என் கட்டைவிரலையும் தொடுகிறீர்கள்" என்றார்கள். அப்புறம் ஒரு பெட்டியில் கண்ணாடியை நிறுத்தி, இருக்கும் கையின் பிம்பம் இல்லாத கையின் இடத்தில் தெரியும்படி செய்தார். பிம்பம் விரிந்ததும் சிலருக்கு மூடிக் கிடந்த மாயக் கையும் விரிந்தது. எல்லோருக்கும் பலன் கிடைப்பதில்லை, ஆனால் இதைவிட மலிவான கருவி மருத்துவத்தில் குறைவு.

கதை இங்கே முடிந்திருந்தால் அழகாக இருந்திருக்கும். ஆனால் மூளை ஆய்வாளர் தமார் மகின் குழு, கை இழந்தவர்களை ஸ்கேனரில் படுக்கவைத்து "இல்லாத கையை அசையுங்கள்" என்று கேட்டது. கைக்கான பகுதி பழையபடியே வேலை செய்தது. 2025-இல் இன்னும் நேரடியான சான்று வந்தது: மூன்று பேரைக் கை அகற்றுவதற்கு முன்பும், பின் ஆண்டுக்கணக்கிலும் ஸ்கேன் செய்து பார்த்ததில், கையின் படம் அப்படியே இருந்தது, உதடு வந்து இடம் பிடிக்கவில்லை. என் கணிப்பில், "மூளை தன்னையே மாற்றி எழுதிக்கொள்கிறது" என்ற பேச்சு அளவுக்கு மீறிப் போய்விட்டது. வீட்டுக்காரர் வெளியூர் போனால் பக்கத்து வீட்டுச் சத்தம் உள்ளே நன்றாகக் கேட்கும். வீடு கைமாறிவிட்டது என்று அதற்குப் பொருள் இல்லை.

பென்ஃபீல்டின் படம் இன்றும் சரிதானா?

பெரும்பாலும். உணர்வுப் பகுதியின் படம் நன்றாகத் தாங்கி நிற்கிறது. அதன் முன்னால் உள்ள அசைவுப் பகுதியின் படத்துக்கு 2023-இல் ஒரு திருத்தம் வந்தது. கால், கை, வாய் என்ற மூன்று பகுதிகளுக்கு இடையே, எந்த ஒரு உறுப்புக்கும் சொந்தமில்லாத இடங்கள் இருக்கின்றன. உடம்பு முழுவதையும் சேர்த்துத் திட்டமிடும் வேலை அவற்றுக்கு இருப்பதாகத் தெரிகிறது.

மூளையின் எல்லா இணைப்புகளையும் வரைந்து முடித்துவிட்டார்களா?

302 நியூரான்கள் கொண்ட ஒரு புழுவுக்கு 1986-இலேயே முடிந்தது. வளர்ந்த பழ ஈயின் மூளைக்கு, சுமார் 1,40,000 நியூரான்கள், 2024-இல் முடிந்தது. மனிதனுக்கு ஏறத்தாழ 8,600 கோடி. இணைப்புகளை விடுங்கள், செல்களை அடுக்கிப் பார்ப்பதே பெரும் வேலை. சென்னை ஐஐடியின் சுதா கோபாலகிருஷ்ணன் மூளை மையம் 2024-இல் கருச் சிசுக்களின் மூளைகளை 5,132 சீவல்களாகப் படமெடுத்து "தரணி" என்ற பெயரில் யாரும் பார்க்கும்படி இணையத்தில் வைத்திருக்கிறது.

வீட்டில் செய்து பார்க்க வேறு ஏதாவது உண்டா?

சுட்டுவிரல் மேல் நடுவிரலைக் குறுக்காகப் போட்டு, கண்ணை மூடி, இரண்டு நுனிகளுக்கும் நடுவில் ஒரு கொண்டைக்கடலையை உருட்டுங்கள். இரண்டு கடலை இருப்பது போலத் தோன்றும். அந்த இரண்டு விரல்களின் வெளிப்பக்கங்களையும் ஒரே பொருள் ஒரே நேரத்தில் தொடுவது வழக்கத்தில் நடக்காது. விரல்கள் இடம் மாறியது வரைபடத்துக்குத் தெரியாது, பழைய வரிசையிலேயே கணக்குப் போடுகிறது. கடலை இல்லையென்றால் மூக்கு நுனியில் வைத்துத் தேயுங்கள். இரண்டு மூக்கு. குழந்தைகளிடம் காட்டினால் அன்றைக்கு முழுக்க விட மாட்டார்கள்.